பாவு முடியும் வரை

காலை ஆறு பத்து. ஐந்தருவி டீக்கடையில் முதலில் என் கண்ணில் பட்டது, ஈரத் தலையோடு நின்ற ஒரு கல்லூரிப் பெண். "அண்ணாச்சி, சீனி லைட்டா போடுங்க" என்றாள்.

என் அக்கா ரஹ்மத்தின் பழைய ஆங்கில அகராதியில் லைட்டுக்கு வெளிச்சம், எடை குறைந்தது, பற்றவை என்று பல பொருள் உண்டு. இந்த 'லைட்டா'வை அதில் பார்த்த நினைவில்லை.

அறுபதுகளின் தொடக்கம், தென்காசி. அக்கா எஸ்.எஸ்.எல்.சி.யில் ஆங்கிலத்தில் மட்டும் தவறியிருந்தாள். மறுபடி எழுத அவளுக்கு ஆசை. வாப்பாவுக்குக் கல்யாண அவசரம். "தறியில இருக்க பாவு முடியுற வரைக்கும் படி. பொறவு நிக்காஹ்தான்" என்றார்.

பாவின் நெடுக்கு இழைகளில் அவர் நெய்வார். பக்கத்தில் அக்கா தறிச் சத்தத்துக்கு ஒத்து "லைட், நைட், ரைட், ஃபைட்" என்று பொருளோடு சொல்வாள். ஒருநாள் கடைசிச் சொல்லை விட்டுவிட்டாள்.

"ஏட்டி, சண்டை எங்க?" என்றார், ஆங்கிலம் அறியாத வாப்பா.

பரீட்சைக்கு மூன்று வாரம் இருக்கும்போது பாவு முடிந்தது. அக்கா அகராதியை மூடினாள். வாப்பா புதுப் பாவைக் கொண்டுவந்து, அதன் இழைகளைத் தறியில் மிஞ்சியிருந்த பழைய பாவின் நுனிகளோடு ஒவ்வொன்றாகப் பிணைக்கத் தொடங்கினார்.

"வாப்பா, பாவு முடிஞ்சிட்டுல்லா?"

"எங்க முடிஞ்சுது? ஒட்டிக்கிட்டுல்லா இருக்கு. நீ படிட்டி."

பிணைத்து முடிக்க இரண்டு நாள் ஆயிற்று.