வட்டை விதானைக்குப் போர்த்திய பொன்னாடை

நான் ஐந்தாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவன். கூலிக்குப் புல்லுப் பிடுங்கித் தொடங்கினேன். இன்றைக்குப் பழுகாமத்துப் பக்கம் எங்கள் வட்டையில் பெரிய வயல்காரன் நான்தான். அந்த வயல்வெளி முழுவதற்கும் தண்ணீர் பங்கிட்டு, மாடு புகாமல் வேலி அடைப்பிக்கிற வட்டை விதானையும் பல வருடமாக நானே. என் காலத்தில் தண்ணீருக்காக ஒருவரை ஒருவர் மண்வெட்டியால் வெட்டப் போனதில்லை. பெருமைக்குச் சொல்லவில்லை, உள்ளதைத்தான் சொல்கிறேன்.

பெரும்போகத்துக்கு முன்னால் நடக்கும் ஆரம்பக் கூட்டத்தில்தான் விதானையைக் கைதூக்கித் தெரிவு செய்வார்கள். போன முறை நான் வழக்கம்போலக் கீழே மற்றவர்களோடு வாங்குப் பலகையில் இருக்கப் போக, விவசாயிகள் சங்கத்துச் செயலாளர் ஓடி வந்து கையைப் பிடித்தான். என் மகன் வயதுப் பொடியன்.

"ஐயா, நீங்க மேடையில இருக்கோணும்!" என்று காதுக்குள் கத்தினான்.

"மெதுவாச் சொல்லு மனே, எனக்குக் காது கேக்கும்."

மேடையில், கூட்டத்துக்கு வந்த அரசாங்க அதிகாரிக்குப் பக்கத்தில் மெத்தைக் கதிரை. பொன்னாடை போர்த்தினார்கள். எனக்குத் தகும்தானே என்று நிமிர்ந்து இருந்தேன். பிறகு அவன் ஒலிவாங்கியைப் பிடித்தான்.

"ஐயா நிறையச் செய்திட்டார், இனி ஆறுதலா இருக்கட்டும். புது விதானைக்கு ஆளைச் சொல்லுங்கோ."

அப்போதுதான் விளங்கியது. கலியாண வீட்டிலும் வயதுபோனவர்களுக்கு இப்படித்தான். முன்வரிசைக் கதிரை தருவார்கள். சம்பந்தம் பேசும்போது கூப்பிட மாட்டார்கள்.

எழும்பினேன். "நானும் போட்டிக்கு நிக்கிறன்."

பின்னுக்கிருந்து ஒருவன், "ஐயா வரம்பில விழுந்தா ஆர் தூக்குற?" என்றான்.

"போன போகம் மோட்டர் சைக்கிளோட வாய்க்காலுக்குள்ள கிடந்த உன்னைத் தூக்கினது ஆரடா?"

கூட்டம் சிரித்தது. எங்கள் வட்டையின் கடைசி வயலைக் குத்தகைக்குச் செய்கிற காத்தான்குடி முஸ்லிம் பெரியவர், நாங்கள் காக்கா என்று கூப்பிடுகிறவர், எழும்பினார்.

"கடைசி வயலெண்டு இந்த மனிசன் எனக்கு ஒரு நாளும் தண்ணி குறைச்சதில்ல. என்ட கை இவருக்குத்தான்."

செயலாளரின் ஆட்கள் பெயர் சொன்ன புதியவனுக்கும் கைகள் எழுந்தன. எனக்கு எழுந்தவை அதிகம்.

கூட்டம் கலைந்த பிறகு செயலாளர் வந்தான். இந்த முறை கத்தவில்லை.

"ஐயா, அந்தப் பொன்னாடை... விட்டுட்டுப் போறவருக்கெண்டு வாங்கினது."

"போர்த்தினது போர்த்தினதுதான் மனே."

அடுத்த நாள் வாய்க்கால் பார்க்கப் போனபோது, வெயிலுக்கு அதைத்தான் தலையில் கட்டிக்கொண்டு போனேன்.