ஆனி ஆடி இல்லாத காலண்டர்

எனக்கு நன்றாக எழுத வராது, மறதியும் உண்டு, பொறுத்துக்கொள்ளுங்கள். பாறசாலையில் பஸ்ஸுக்கு நின்று நின்று கால் கடுக்கிறது. பக்கத்தில் கடலோரப் பொழியூர்ப் பெண் ஒருத்தி போனில் மாதப் பெயர்களை எழுதுகிறாள். அவள் கதையில் வரும் உலகத்துக்குக் காலண்டராம். சங்கு மாதம், சாளைமீன் மாதம், பூ மாதம்.

"நம்ம ஆனி, ஆடிக்கு அங்க என்ன பேரு மக்கா?"

"அது ரெண்டும் அங்க கிடையாது அம்மச்சி. அப்பமல்லியா கடலு கரைக்குக் கேறி வருது? எங்களுக்கு முன்னால நின்ன வீடெல்லாம் கடலு கொண்டுபோச்சு. அடுத்தது எங்க வீடாக்கும்."

"மாசத்த வெட்டினா கடலு கேக்குமா?"

"என் உலகத்துல கேக்கும்," என்று சிரிக்கிறாள்.

அவளுடைய பஸ் வந்துவிடுகிறது. பெயர் கேட்க மறந்துபோகிறேன். மாதங்களையும் மாற்றி எழுதியிருப்பேன். பொழியூர்ப் பக்கம் போகிறவர்கள் சரிபார்த்துச் சொல்லுங்கள். ஆடி கழிந்தும் அவள் வீடு நிற்கிறதா என்றும் பாருங்கள்.