முதல் மனுதாரரின் தங்கை

என் கணவர் ஜெர்மனியில் இருந்தார். விவாகரத்து பெங்களூரில் நடந்தது. ஒவ்வொரு வாய்தாவுக்கும் விமானம் ஏறி வர முடியாது என்று, தன் தங்கை பேரில் பவர் எழுதி, தூதரகத்தில் முத்திரை வாங்கி அனுப்பிவிட்டார். ஆகவே குடும்ப நீதிமன்றத்தில் கணவர் இடத்தில் நின்றவள் என் நாத்தனார். முதல் மனுதாரர் என்று கூப்பிட்டால், சுடிதாரைச் சரிசெய்துகொண்டு அவள்தான் முன்னால் போவாள்.

பரஸ்பர சம்மதம் என்றுதான் மனு. அவர் திரும்பி வரமாட்டார், நான் இங்கே பொம்மசந்திரா கம்பெனி வேலையை விட்டு அங்கே போகமாட்டேன். சண்டைகூட ஓய்ந்துபோயிருந்தது. ஆறு மாதம் பொறுத்து வாருங்கள் என்று அனுப்பிவைத்தார்கள். அந்த ஆறு மாதத்தில்தான் எனக்குப் பைத்தியம் பிடித்தது.

காரணம், அவருடைய வாட்ஸ்அப் படம். பனியில் நிற்கிறார். என்னோடு இருந்தபோது போட்டோ என்றாலே முகத்தைத் தூக்கிவைத்துக்கொள்கிற மனுஷன், பல் தெரியச் சிரிக்கிறார். எடுத்தது யார்? அவர் காலடிவரை படம் எடுத்தவரின் நிழல் விழுந்திருந்தது. கம்பெனி பஸ் சில்க் போர்டு சிக்னலில் நிற்கும்போதெல்லாம் அதைப் பெரிதாக்கிப் பெரிதாக்கிப் பார்ப்பேன். தலையில் தெரிவது கொண்டையா, குல்லாவா? பக்கத்து சீட்டுக்காரி எட்டிப்பார்த்தால் போனைக் கவிழ்த்துவிடுவேன்.

பிரிவதென்று முடிவு செய்தவளுக்கு இந்த ஆராய்ச்சி எதற்கு என்று கேட்கலாம். வயிறு எரிந்தது, அவ்வளவுதான். அங்கே ஒருத்தி இருந்தால், நான் சம்மதம் சொல்லி அவளுக்கு வழிவிட வேண்டுமா? ஆள் இல்லையென்றால் பிரிந்துவிடலாம். இருந்தால் வருஷக்கணக்கில் இழுத்தடிக்கலாம். மனதுக்குள் இப்படித்தான் முடிவு செய்துவைத்திருந்தேன். வக்கீலிடம்கூடச் சொல்லவில்லை.

நாத்தனாரின் வாயைக் கிளறிப் பார்த்தேன். தினமும் அவரோடு பேசுகிறவள். அவர் என்ன சாப்பிட்டார், எதற்கு இருமினார் என்பதுவரை அவளுக்கு அத்துப்படி. அதிலும் எனக்குப் பொறாமைதான்.

"உங்க அண்ணனுக்கு ஆளு கீளு இருக்கா?" என்று விளையாட்டுப்போலக் கேட்டேன்.

"சும்மா இருங்க அண்ணி" என்றாள். அதை வைத்து எதையும் கண்டுபிடிக்க முடியவில்லை.

ஆறு மாதம் கழித்துப் போய் நின்றபோது, உங்கள் அண்ணன் இப்போதும் இதே முடிவில்தான் இருக்கிறாரா என்று நீதிபதி அவளிடம் கன்னடத்தில் கேட்டார். பெங்களூர் பீன்யாவிலேயே பிறந்து வளர்ந்தவளுக்குக் கன்னடம் தண்ணீர் பட்ட பாடு. ஆமாம் என்று ஒரு வார்த்தை சொல்ல வேண்டியவள், துப்பட்டாவால் வாயைப் பொத்திக்கொண்டு அழ ஆரம்பித்துவிட்டாள். அண்ணன் சார்பில் அழுகிறாளா, சொந்தப் பொறுப்பில் அழுகிறாளா என்று நீதிபதிக்கே குழப்பம். அடுத்த முறை அவரையே வீடியோவில் வரச் சொல்லுங்கள் என்று தள்ளிவைத்துவிட்டார். எனக்கு அவள்மேல் கோபம் வரவில்லை. இப்படி அவர் ஒரு நாளாவது அழுதிருப்பாரா என்றுதான் வீடுவரை யோசித்துக்கொண்டு போனேன்.

வந்தார், திரையில். அங்கே அப்போதுதான் விடிந்திருந்தது. மடிப்புக் கலையாத சட்டை. நான் முகத்தைப் பார்க்கவில்லை, முதுகுக்குப் பின்னால் பார்த்தேன். ஜன்னலோரத் தொட்டியில் ஒரு கறிவேப்பிலைச் செடி, தளதளவென்று. எங்கள் பால்கனியில் இருந்த துளசிக்கு ஒரு சொம்புத் தண்ணீர் ஊற்றாத மனுஷன்! அந்தச் செடிக்கு யார் ஊற்றுகிறார்கள்? ஒரு வளையல் கை குறுக்கே வந்து காபி வைத்துவிட்டுப் போகும் என்று கண் இமைக்காமல் காத்திருந்தேன். யாரும் வரவில்லை.

யாருடைய கட்டாயமும் இல்லாமல் சம்மதிக்கிறீர்களா என்றார் நீதிபதி.

"யெஸ்" என்றார் அவர். எச்சில்கூட விழுங்கவில்லை.

அந்த வேகம் சுட்டது. அடுத்து என் முறை. அந்தச் செடியைப் பார்த்ததிலிருந்து இழுத்தடிக்கும் உத்தேசத்தில்தான் இருந்தேன். ஆனால் அவர் அவ்வளவு சுலபமாகச் சொன்ன பிறகு நான் தயங்கி நின்றால், நான்தான் அவருக்காக ஏங்குகிறேன் என்று ஆகிவிடாதா? அவரைவிடச் சத்தமாக "யெஸ்" என்றேன். பொறாமையிலேயே சம்மதம் கொடுத்தவள் அந்தக் கட்டடத்தில் நான் ஒருத்தியாகத்தான் இருப்பேன்.

எல்லாம் முடிந்து, நானும் நாத்தனாரும் எதிரில் இருந்த தர்ஷினி ஹோட்டலில் நின்றபடி காபி குடித்துக்கொண்டிருந்தோம். அவள் போன் அடித்தது. அவர்தான். தள்ளிப் போய்ப் பேசிவிட்டு, போனைக் கையால் மூடிக்கொண்டு திரும்பி வந்தாள்.

"என்னவாம்?"

"ஒண்ணுமில்ல அண்ணி."

"சொல்லுடி."

"நீங்க ஏன் அவ்ளோ சத்தமா யெஸ் சொன்னீங்கன்னு அண்ணன் கேக்குது. உங்களுக்கு வேற யாராச்சும் இருக்காங்களான்னு... ஆறு மாசமா தெனம் இதே கேள்விதான் அண்ணி. நான் என்னத்த சொல்றது?"

ஆறு மாதமாக, தினம். கேட்டதும் நெஞ்சு குளிர்ந்தது. உடனே அழுகையும் முட்டிக்கொண்டு வந்தது. எனக்கு யாரும் இல்லை. வேலை, அதை விட்டால் வீடு. காபியை மேடையில் வைத்தேன்.

"இருக்காருன்னு சொல்லு."

அவள் கண்கள் விரிந்தன. "யாருன்னு கேட்டா?"

"தெரியாதுன்னு சொல்லு. தேடட்டும்."