விதைக்கடலையும் ஒரு எவர்சில்வர் டம்ளரும்

ஊக்கத்தொகை தொடர்பான கோப்பு எதுவும் எங்கள் அலுவலகத்தில் என் மேசையைத் தொடாமல் போனதில்லை. விதி காட்டி, குறிப்பு எழுதி, மேலே அனுப்பியே தலை நரைத்தவள் நான். ஆனால் முதல் ஊக்கத்தொகைத் திட்டத்தைப் பார்த்தது ஒன்பது வயதில், திருக்கழுக்குன்றத்துக்குப் பக்கத்தில், எங்கள் வீட்டு மாட்டுக்கொட்டகையில். திட்டத்தை வகுத்தவர் சித்தப்பா. நடைமுறைப்படுத்தும் அதிகாரி நான்.

ஆனி மாதம். மழை விழுந்திருந்தது. நிலத்து ஈரம் காய்வதற்குள் விதைக்கடலையை உரித்து விதைத்தாக வேண்டும். வழக்கமாக எட்டுப் பெண்கள் குவியலைச் சுற்றி உட்கார்ந்து, ஊர்க்கதை பேசிக்கொண்டே நாள் கூலிக்கு உரிப்பார்கள். சென்னையில் ஒரு தொழிற்சாலையில் குமாஸ்தாவாக இருந்த சித்தப்பா விடுப்பில் வந்தவர் இதைப் பார்த்தார். “வாய் வேலை செய்யற அளவுக்குக் கை செய்யலையே” என்றார். அப்பா பொறுப்பை அவரிடமே விட்டுவிட்டார்.

மறுநாளே வட்டம் கலைந்தது. ஆளுக்கொரு முறம், ஆளுக்கொரு குவியல், ஒருத்தி முதுகை மற்றவள் பார்க்கும் வரிசை. கூலி இனிப் படிக்கணக்கில். அதிகம் உரிப்பவளுக்கு ஓர் எவர்சில்வர் டம்ளர். நாலு படிக்குக் குறைந்தால் மறுநாள் வேலை கிடையாது. அளப்பது என் வேலை.

முதல் நாள் பருப்பு மலையாகக் குவிந்தது. சித்தப்பா மீசையைத் தடவிக்கொண்டார். அம்மா ஒரு பிடி அள்ளிப் பார்த்தாள். பாதிக்குப் பாதி பிளந்து கிடந்தது. பிளந்த பருப்பு முளைக்காது. “சட்னிக்கு ஆகும்” என்று சொல்லிவிட்டு உள்ளே போய்விட்டாள்.

எட்டுப் பேரில் ஓர் அக்காவுக்குக் கட்டைவிரலில் நகச்சுத்தி. துணி சுற்றியிருந்தாள். அவள் கூலியை நம்பி வீட்டில் மூன்று பிள்ளைகள். முதல் நாள் எப்படியோ நாலு படி தேற்றினாள். இரண்டாம் நாள் மதியம்வரை அவளுக்கு ஒரு படிகூட நிரம்பவில்லை. ஆனால் சாயங்காலம் அளந்தபோது எல்லோருக்கும் ஐந்து படி. அவளுக்கும் ஐந்து.

“இன்னா சின்னவரே, டம்ளர எட்டா வெட்டித் தருவீங்களா?” என்றாள் ஒருத்தி. கொட்டகையே சிரித்தது.

சித்தப்பா என்னைப் பார்த்தார். தண்ணீர் குடிக்க எழுந்த ஒவ்வொருத்தியும் போகிற போக்கில் அந்த அக்காவின் முறத்தில் ஒரு பிடி போட்டதை நான் பார்த்திருந்தேன். பள்ளியில் உண்மை சொன்னால் முதுகில் தட்டிக்கொடுப்பார்கள். சொல்லிவிட்டேன்.

“நாளைக்கு நீ வர வேணாம்மா” என்றார் சித்தப்பா. அக்கா முறத்தைக் கவிழ்த்து வைத்தாள். டம்ளரைக் கேட்டவள்தான் பேசினாள்: “அவ வரலன்னா நாங்க மட்டும் இன்னாத்துக்கு? எழுந்திருங்கடி!”

சேலையில் ஒட்டிய தொலியை உதறிவிட்டு எட்டுப் பேரும் போய்விட்டார்கள். சித்தப்பாவின் திட்டத்தில் இதற்கு விதி எதுவும் எழுதப்பட்டிருக்கவில்லை.

மறுநாள் சித்தப்பாவும் நானும் உரித்தோம். பொழுது சாய்வதற்குள் இரண்டு பேருக்கும் சேர்த்து ஒன்றரை படி. சித்தப்பாவின் நகக்கண்ணில் ரத்தம் கட்டியிருந்தது. அப்பா சட்டையை மாட்டிக்கொண்டு அவர்கள் தெருவுக்கே போனார்.

“எட்டு பேருக்கும் சேத்து மொத்தமா கூலி பேசுங்க. ஒடையாம, ரெண்டே நாள்ல தர்றோம். ஆனா வட்டமாத்தான் குந்துவோம்” என்றார்களாம். அப்பா சம்மதித்தார். “நானும் அடுத்து இதைத்தான் சொல்ல இருந்தேன்” என்று சித்தப்பா பையை எடுத்துக்கொண்டு பஸ் ஏறினார்.

அவர்கள் திரும்பி வந்த காலையில் நான் தூணுக்குப் பின்னால் நின்றிருந்தேன். யாராவது திட்டுவார்கள் என்று காத்திருந்தேன். நகச்சுத்தி அக்கா விரலை நீட்டினாள்.

“பாப்பா, இங்க வா. இந்தத் துணி அவுந்துகினே கீது. கட்டி வுடு.”

பயந்து பயந்து முடிச்சுப் போட்டேன்.

“இன்னும் இறுக்கு. ஒண்ணும் ஆவாது.”

முடிச்சுப் போடுவதில் எனக்கு நிகர் யாருமில்லை என்ற பெருமையில் அன்று முழுவதும் அவள் பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தேன். கைக்கு எட்டும் தூரத்தில் ஏழு பெண்கள் இருக்க, தூணுக்குப் பின்னால் நின்றவளை அவள் ஏன் கூப்பிட்டாள் என்று எனக்குத் தோன்றவே இல்லை.