பாஸ்போர்ட் வாங்க வந்த அக்கா

இரண்டு வருடங்களுக்கு முன், ஓர் ஆகஸ்ட் மாதம். டெக்சாஸில் டல்லாஸை ஒட்டிய ரிச்சர்ட்சனில் ஒரு அபார்ட்மென்ட்டின் கீழ்வீட்டில் நானும் என் மனைவியும் குடியிருந்தோம். ஒரு வங்கியில் மோசடிகளைக் கண்டுபிடிக்கும் பிரிவில் எனக்கு வேலை. யார் யாருடைய பெயரைச் சொல்லிக்கொண்டு எந்தக் கணக்குக்குள் நுழையப் பார்க்கிறார்கள் என்று நாள் முழுவதும் வீட்டில் உட்கார்ந்து கம்ப்யூட்டரில் பார்த்துக்கொண்டிருக்க வேண்டும். இதைப் பன்னிரண்டு வருடம் செய்தால் மனிதன் என்ன ஆவான்? கோயிலில் ஒரு கரண்டி சர்க்கரைப் பொங்கல் கூடுதலாகப் போட்டால்கூட, இவர் ஏன் எனக்கு மட்டும் போடுகிறார் என்று யோசிப்பவனாக ஆவான். நான் ஆகியிருந்தேன்.

அந்த மாதம்தான் எங்கள் மேல்வீட்டுக்கு ஓர் இளைஞன் தனியாகக் குடிவந்தான். இருபத்து நான்கு வயது இருக்கலாம். ஒட்ட வெட்டிய முடி, ஒரு பக்கமாகச் சாய்ந்த மூக்கு. சாமான் என்று பார்த்தால் இரண்டே இரண்டு பைகள். சொந்தக் கார் கிடையாது. காரே இல்லாமல் டெக்சாஸில் ஒருவன் வாழ்கிறான் என்றால் அதிலேயே எனக்கு ஒரு சந்தேகம். தினமும் மதியத்துக்கு மேல் ஒரு கறுப்பு வண்டி வந்து அவனை ஏற்றிக்கொண்டு போகும், சாயங்காலம் கொண்டுவந்து விடும். சில நாள் இறங்கும்போது ஒரு கண் வீங்கியிருக்கும்.

காலை ஐந்தரை மணிக்கு எங்கள் தலைக்கு மேல் தட் தட் தட் என்று சத்தம் தொடங்கினால் அரை மணி நேரத்துக்கு நிற்காது. அதைவிடப் பெரிய கூத்து மதியத்தில் நடக்கும். நாயைக்கூட வெளியே விட முடியாத வெயிலில், குப்பைப் பையைத் தைத்துப் போட்ட மாதிரி ஒரு உடுப்பைக் கழுத்துவரை இழுத்துவிட்டுக்கொண்டு பார்க்கிங்கைச் சுற்றிச் சுற்றி ஓடுவான். கையில் ஒரு காலி பாட்டில். நாலு எட்டுக்கு ஒரு தடவை அதில் துப்பிக்கொள்வான்.

போதை மருந்து விவகாரமேதான் என்று நான் முடிவு கட்டிவிட்டேன். கறுப்பு வண்டியின் நம்பரையும் குறித்து வைத்தேன். என் மனைவிக்கு எரிச்சல் வந்துவிட்டது.

"ஏங்க, ஆபீஸ் முடிஞ்சதும் லேப்டாப்பை மூடுறீங்கள்ல? அதே மாதிரி அந்த மூளையையும் கொஞ்சம் ஷட் டவுன் பண்ணுங்களேன்!"

நான் இரண்டு வாரமாகத் துப்புத் துலக்கிக்கொண்டிருந்ததை அவள் துணி துவைக்கும் அறையில் இரண்டு நிமிடத்தில் முடித்துவிட்டாள். நேராக அவனிடமே கேட்டிருக்கிறாள். உஸ்பெகிஸ்தான்காரன். குத்துச்சண்டை வீரன். அங்கே அமெச்சூர் போட்டிகளில் நிறையப் பதக்கம் வாங்கியவன். இங்கே தொழில்முறைச் சண்டையில் இறங்க வந்திருக்கிறான். தலைக்கு மேல் கேட்டது கயிறு தாண்டும் சத்தம். பிளாஸ்டிக் உடுப்பும் எச்சில் பாட்டிலும் உடம்பில் இருக்கும் தண்ணீரை வெளியேற்றி எடையைக் குறைப்பதற்கு. மறுநாள் அவன், நடுவில் பூப்போட்ட மாதிரி அச்சுப் பதித்த வட்ட ரொட்டி ஒன்றைக் கொண்டுவந்து கொடுத்தான். நான் தொடவில்லை. அவள் சிக்கன் குழம்பில் தொட்டு முக்கால் ரொட்டியைத் தின்று முடித்தாள். ஒன்றும் ஆகவில்லை.

அப்புறமும் நான் இணையத்தில் தேடிப் பார்த்தேன். பதக்கங்களோடு படம் இருந்தது. அதே சாய்ந்த மூக்கு. அதன் பிறகுதான் படிக்கட்டில் நின்று அவனோடு பேச ஆரம்பித்தேன். அவனுடைய ஆங்கிலம் நாலு வார்த்தை, மீதி சைகை. அவன் சொன்னதில் ஒன்று எனக்கு ஆச்சரியமாக இருந்தது. அமெச்சூரில் எத்தனை ஜெயித்திருந்தாலும் இங்கே அது கணக்கில் கிடையாது. ஜெயித்தது பூஜ்யம், தோற்றது பூஜ்யம் என்றுதான் பெயருக்குப் பக்கத்தில் இருக்கும். பனியன் கிடையாது, கையுறை சிறியது, ஆட்டம் நீளம். முதல் சண்டையில் ஜெயித்தால் அடுத்ததற்குக் கூப்பிடுவார்கள். தோற்றால் யாரும் திரும்பிப் பார்க்காமலேயே போகலாம். முதல் சண்டை ஃபோர்ட் வொர்த் பக்கம், அந்த மாதக் கடைசி வெள்ளிக்கிழமை சாயங்காலம்.

அவன் பால்கனியில் நின்று போன் பேசுவது எங்கள் வீட்டுக்கு நன்றாகக் கேட்கும். அவனுடைய மொழியில் எனக்கு ஒரு எழுத்துகூடப் புரியாது. ஆனால் வரிக்கு வரி ஒரு சொல் வரும். அக்கா. "அக்கா... அக்கா..." என்று அவ்வளவு பணிவாகப் பேசுவான். எனக்கு உடம்பு சிலிர்த்துவிட்டது. எங்கோ கிடக்கிற உஸ்பெகிஸ்தானில் அக்காவை அக்கா என்று கூப்பிடுகிறார்கள்! கல்லூரி நண்பர்களின் வாட்ஸாப் குழுவில் அன்றைக்கே எழுதினேன். தமிழ் போகாத இடமே இல்லை என்று ஆளாளுக்குக் கைதட்டினார்கள்.

ஒருநாள் அவனிடமே போனைக் காட்டி, "அக்காவா?" என்று கேட்டேன். முகமெல்லாம் மலர, "யெஸ், அக்கா!" என்றான். எங்கள் மொழியிலும் அக்காதான் என்றேன். நெஞ்சில் கை வைத்துத் தலை குனிந்தான். எங்கள் இருவருக்கும் பரம சந்தோஷம். தலைமுதல் கால்வரை எல்லாவற்றையும் சந்தேகப்பட்ட நான், இந்த ஒன்றை மட்டும் அப்படியே விழுங்கிவிட்டேன்.

சண்டைக்கு மூன்று நாள் முன்பு, செவ்வாய்க்கிழமை, அவன் கதவைத் தட்டினான். புதுப்பிப்பதற்காக நியூயார்க்கிலிருக்கும் அவர்கள் நாட்டுத் துணைத் தூதரகத்துக்கு அனுப்பியிருந்த பாஸ்போர்ட் வியாழக்கிழமை காலை கூரியரில் வருகிறதாம். அவன் புதன்கிழமையே ஃபோர்ட் வொர்த் ஓட்டலுக்குப் போயாக வேண்டும். வியாழன் மதியம் ஒரு மணிக்கு அங்கே எடை பார்ப்பார்கள். பாஸ்போர்ட்டைத் தவிர அவனிடம் வேறு அடையாள அட்டை இல்லை. அதைக் காட்டாமல் தராசில் ஏற்ற மாட்டார்கள். தராசில் ஏறவில்லை என்றால் சண்டை இல்லை. நான்தான் நாள் முழுக்க வீட்டில் இருக்கிறேனே, வாங்கி வைக்க முடியுமா என்று கேட்டான். கூரியருக்கு என் வீட்டு எண்ணைக் கொடுத்தும்விட்டான்.

யார் வந்து வாங்கிக்கொள்வார்கள் என்று கேட்டேன்.

"அக்கா கம். அக்கா டேக்," என்றான்.

வியாழக்கிழமை பத்தே முக்காலுக்குக் கூரியர் வந்தது. கையெழுத்துப் போட்டு வாங்கி வைத்தேன். பதினொரு மணிக்கு அழைப்பு மணி. தம்பிக்காக ஓடியாடும் ஒரு பெண்மணி வந்திருப்பாள், உள்ளே கூப்பிட்டு ஒரு காபி கொடுக்கலாம் என்று எண்ணிக்கொண்டே கதவைத் திறந்தேன். நாற்பத்தைந்து வயது மதிக்கத்தக்க ஒரு முரட்டு ஆள் நின்றான். நசுங்கிய காது. சிரித்தபோது இரண்டு தங்கப் பற்கள். அவனுக்குப் பின்னால் அதே கறுப்பு வண்டி.

"பாஸ்போர்ட்," என்று கையை நீட்டினான்.

அக்கா எங்கே என்று கேட்டேன்.

"ஐ அக்கா," என்றான்.

எனக்கு முதலில் சிரிப்புத்தான் வந்தது. பன்னிரண்டு வருடத்தில் எத்தனையோ ஆள்மாறாட்டம் பார்த்திருக்கிறேன். மீசை வைத்துக்கொண்டு, நான்தான் அக்கா என்று வந்து நின்றவனை அன்றுதான் பார்த்தேன். "நோ. அக்கா. சிஸ்டர்," என்றேன். அவன் நெஞ்சில் பட்பட்டென்று தட்டிக்கொண்டு, "அக்கா! அக்கா!" என்று சத்தம் போட்டான். என் சிரிப்பு நின்றது. வெளிநாட்டுப் பிள்ளைகளை வரவழைத்து, அவர்கள் பாஸ்போர்ட்டைப் பிடுங்கி வைத்துக்கொண்டு ஆட்டிவைக்கும் ஏஜென்டுகளைப் பற்றி நிறையப் படித்திருக்கிறேன். இவன் அந்த ரகம் என்று மனதில் உறுதியாகிவிட்டது.

மேல்வீட்டுப் பையனுக்குப் போன் செய்தேன். அணைத்து வைக்கப்பட்டிருந்தது. இது வேறா என்று எனக்குப் பயம் கூடியது. எதிரில் நின்றவன் தன் போனில் யாரையோ பிடித்து என்னிடம் நீட்டினான். ஒரு பெண் நல்ல ஆங்கிலத்தில் பேசினாள். இவர் என் கணவர், அந்தப் பையனின் பயிற்சியாளர், நாங்கள் அவசரத்தில் இருக்கிறோம், தயவுசெய்து கொடுத்துவிடுங்கள் என்றாள். அக்கா என்று சொல்லப் பெண் குரலுக்கும் ஆள் ஏற்பாடு செய்துவிட்டான் பார் என்றுதான் தோன்றியது. நீங்கள் அவனுடைய சகோதரியா என்று கேட்டேன். இல்லை என்றாள். அத்தோடு தீர்ந்தது. போலீஸைக் கூப்பிடுவேன் என்று சொல்லிக் கதவைச் சாத்தினேன்.

அந்த ஆள் போகவில்லை. கதவிலிருந்த கண்ணாடித் துளை வழியாகப் பார்த்தேன். படிக்கட்டில் உட்கார்ந்து மணிக்கட்டைப் பார்ப்பதும், போன் பேசுவதும், தலையைப் பிடித்துக்கொள்வதுமாக இருந்தான். நல்ல நடிப்பு என்று நினைத்துக்கொண்டேன். ஒவ்வொரு முறை மணி அடித்தபோதும் மூடிய கதவுக்குப் பின்னாலிருந்தே புதிதாக ஒரு கேள்வி கேட்டேன். அவன் பிறந்த ஊர் எது, என்ன எடை, எந்த ஓட்டல். எல்லாவற்றுக்கும் பதில் சொன்னான். இவ்வளவு விவரம் தெரிந்து வைத்திருக்கிறானே என்று சந்தேகம் இன்னும் ஒரு படி ஏறியது.

ஒரு மணி ஆகப்போகும் நேரத்தில் சாப்பாட்டு இடைவேளையில் மனைவி போன் செய்தாள். பெருமையாக எல்லாவற்றையும் சொன்னேன்.

"அந்த ஆள் கையில குடுக்கப் பயமா இருந்தா குடுக்காதீங்க. நீங்களே டிரைவ் பண்ணிட்டுப் போய் அந்தப் பையன் கையில குடுத்துட்டு வாங்களேன். இதுல என்ன கஷ்டம்?"

இரண்டு மணி நேரமாக எனக்கு இது தோன்றவே இல்லை.

அந்த ஆளை என் காரில் ஏற்றவில்லை. அவன் வண்டி முன்னால் போக, உறையை என் சட்டைக்குள் வைத்துக்கொண்டு நான் பின்னால் போனேன். நான் ஃப்ரீவேயில் கொஞ்சம் பின்தங்கினால் அவன் வேகத்தைக் குறைத்துக் காத்திருந்து மறுபடி முன்னால் போனான். ஓட்டலை அடைந்தபோது மணி இரண்டைத் தாண்டிவிட்டது.

உள்ளே ஒரு ஹால். நடுவில் தராசு. மற்ற வீரர்கள் எல்லோரும் எடை பார்த்து முடித்து, பாட்டில் பாட்டிலாகத் தண்ணீர் குடித்துக்கொண்டும் வாழைப்பழம் தின்றுகொண்டும் சிரித்துப் பேசிக்கொண்டிருந்தார்கள். ஓரத்தில் ஒரு நாற்காலியில் போர்வையைச் சுற்றிக்கொண்டு எங்கள் மேல்வீட்டுப் பையன் உட்கார்ந்திருந்தான். சட்டென்று அடையாளம் தெரியவில்லை. கன்னம் ஒட்டி, உதடு வெள்ளையாக வெடித்திருந்தது. காலையில் அவனை நீராவி அறையில் வைத்து மிச்சத் தண்ணீரையும் உடம்பிலிருந்து எடுத்திருக்கிறார்கள். அதனால்தான் போன் அணைந்திருந்திருக்கிறது. பன்னிரண்டரைக்கே எடை சரியாகிவிட்டது. ஆனால் தராசில் ஏறி இறங்கும்வரை ஒரு மடக்கு குடிக்கக் கூடாது. ஒருமுறை ஈரத்துணியால் உதட்டைத் துடைத்துக்கொண்டான். அவ்வளவுதான் அவனுக்கு அனுமதி. எனக்காக அங்கே ஒன்றரை மணி நேரத்துக்கு மேல் அப்படி உட்கார்ந்திருந்திருக்கிறான்.

உறையைக் கொடுத்தேன். எழுந்து நிற்கும்போது நாற்காலியைப் பிடித்துக்கொண்டான். கிளம்பத் தயாராகியிருந்த அதிகாரி பாஸ்போர்ட்டைப் பார்த்து, தராசில் ஏற்றி, சரி என்று எழுதிக்கொண்டார். தங்கப்பல் ஆள் தண்ணீர் பாட்டிலோடு ஓடி வந்தான். பையன் அதை வாங்கிக்கொண்டு, குடிப்பதற்கு முன் என் பக்கம் திரும்பினான். நெஞ்சில் கை வைத்தான்.

"ரஹ்மத், அக்கா," என்றான்.

தாகத்திலும் பட்டினியிலும் அவனுக்குப் புத்தி கலங்கிவிட்டது என்று நினைத்தேன். பக்கத்தில் ஒரு பெண்மணி நின்றிருந்தார். காலையில் போனில் கேட்ட அதே குரல். ரஹ்மத் என்றால் நன்றி என்று சொன்னார். அக்கா என்றால் என்று இழுத்தேன். அண்ணன் என்றார். எங்கள் ஊரில் மூத்த ஆண் யாராக இருந்தாலும் அப்படித்தான் மரியாதையாகக் கூப்பிடுவோம், என் கணவரையும் பிள்ளைகள் எல்லோரும் அப்படித்தான் கூப்பிடுவார்கள், இப்போது உங்களையும் கூப்பிடுகிறான், அவ்வளவுதான் என்றார். அவர் குரலில் கோபமே இல்லை. இருந்திருந்தால் எனக்குக் கொஞ்சம் ஆறுதலாக இருந்திருக்கும். அந்தத் தங்கப்பல் மனிதரின் முகத்தை என்னால் நிமிர்ந்து பார்க்க முடியவில்லை.

மறுநாள் நானும் மனைவியும் சண்டையைப் பார்க்கப் போனோம். நான்கு ரவுண்டு. முதல் இரண்டில் எதிராளியால் அவனைத் தொடக்கூட முடியவில்லை. பார்த்தவர்கள் எழுந்து நின்று கத்தினார்கள், நானும் கத்தினேன். மூன்றாவதில் அவன் கால் மெதுவாயிற்று. நான்காவதில் கெண்டைக்கால் பிடித்துக்கொண்டது எங்கள் இருக்கையிலிருந்தே தெரிந்தது. கயிற்றில் சாய்ந்து வாங்கிக்கொண்டே இருந்தான். புள்ளிக்கணக்கில் தோற்றான். என் மனைவி என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

ஒரு வாரம் கழித்துப் படிக்கட்டில் அவனைப் பார்த்தபோது கேட்டுவிட்டேன். நான் தாமதம் செய்ததால்தானா? அவன் உடனே இல்லை என்று சொல்வான் என்று எதிர்பார்த்தேன். அவன் கொஞ்ச நேரம் நிஜமாகவே யோசித்தான். பிறகு, தெரியவில்லை அக்கா என்று அவனுக்குத் தெரிந்த ஆங்கிலத்தில் சொன்னான். அந்தப் பதில்தான் என்னை இன்றுவரை விடவில்லை.

எட்டு மாதம் அவனை யாரும் சண்டைக்குக் கூப்பிடவில்லை. ஒரு கடையில் மூட்டை தூக்கிக்கொண்டே காலையில் கயிறு தாண்டினான். பிறகு பயிற்சியாளரோடு நியூஜெர்சிக்குக் குடிபோனான். இப்போது சின்னச் சின்ன அரங்குகளில் சண்டை கிடைக்கிறது, ஜெயிக்கவும் செய்கிறான். ஆனால் அவன் பெயருக்குப் பக்கத்தில் அந்த முதல் தோல்வி நிற்கிறது. அது அழியாது.

ஆபீஸில் இதைச் சொன்னபோது என் மேலாளர், நீ செய்ததுதான் சரியான நடைமுறை, புதிதாகச் சேர்பவர்களுக்கு இதை உதாரணமாகவே சொல்லலாம் என்றார். நான் வேண்டாம் என்றேன். படிக்கட்டில் காத்திருந்த மனிதரிடம் அன்று நான் இருபது கேள்வி கேட்டிருப்பேன்; எனக்குத் தெரியும் என்று நான் நினைத்திருந்த ஒரு சொல்லைப் பற்றி மட்டும் கேட்கவில்லை, அதைக் கேட்காமல் நான் கழித்த நேரம் முழுவதும் ஒருவன் உதடு வெடித்துத் தண்ணீருக்காகக் காத்திருந்தான்.