நாழிகைத் தச்சர்

குள்ளஞ்சாவடியில் பஸ் ஏறியபோது பக்கத்து இருக்கைக்காரர் காதில் பென்சிலைச் செருகிக்கொண்டு, உள்ளங்கையால் காற்றை இழைத்தபடி இருந்தார். வழியில் ரயில்வே கேட் மூடிவிட்டது. பத்து மணிக்கு நெய்வேலியில் எனக்குப் பர்மனன்ட் வேலைக்கான இன்டர்வியூ. அவரிடம் புலம்பினேன்.

“நாங்க நாழிகைத் தச்சருங்க. எங்க கூட்டமே நேரத்த இழைச்சிகினு இருக்கற கூட்டம். ஒரு பத்து நிமிஷம் சீவிடட்டா?” என்றார்.

“சீவுங்க.”

“சீவல எங்கனா கொட்டணுமே சார்.”

“இன்டர்வியூ ரூம்லயே கொட்டிடுங்க” என்று சிரித்தேன்.

எப்படியோ, சரியாகப் பத்துக்குப் போய் நின்றேன். அதிகாரி சுவர்க் கடிகாரத்தையே முறைத்துக்கொண்டிருந்தார்.

“உட்காருங்க. இன்னிக்கு என்னமோ பொழுதே நகரல. பத்தாவறதுக்குள்ள நாலு டீ குடிச்சிட்டேன்” என்றார்.

வேலை கிடைத்துவிட்டது. காதில் பென்சில் வைத்த யாரைப் பார்த்தாலும் இன்றும் ஒரு டீ வாங்கிக் கொடுக்கிறேன்.