செல்வி மாமி வைக்காத பாலறுகு

“நான் குடிச்ச கோப்பையை ரெண்டு தரம் கழுவுதுகள்! எனக்கென்ன தொத்து வருத்தமே?”

தமிழ்ச்சனம் புலம்பெயர்ந்து வந்து குடியேறிய வோபர்னில் எந்த வீட்டுப் பெண்ணுக்குக் கொண்டை கட்டிவிட்டு வந்தாலும் செல்வி பாடும் பாட்டு இதுதான். செல்வரட்ணம் என்று வைத்த பெயரில் பாதியைக் கழற்றி எறிந்து, தொண்ணூற்றிரண்டாம் ஆண்டில் சேலை கட்டத் தொடங்கியவள். அவள் கையை எல்லோருக்கும் பிடிக்கும். வாசலில் அவளைக் கண்டால் மட்டும் சாணி மிதித்த முகம்.

கிழமை நாட்களில் ஆஸ்பத்திரித் துணி வெளுக்கும் வேலை. பக்கத்து மெஷினில் ஐரீன், அரிசோனாவிலிருந்து வந்த நவஹோப் பெண். தங்கள் சனத்தில் இப்படியானவர்களுக்கு ‘நாட்லே’ என்றொரு பெயரே உண்டு, ஆணுமாய்ப் பெண்ணுமாய் நிற்கும் ஒருவர் வீட்டிலிருந்தால் அந்த வீட்டுக்கே யோகம் என்று பழைய ஆட்கள் நம்பினார்கள் என்றாள் ஒருநாள்.

“அப்ப எனக்கொரு டிக்கெற் போடு” என்றாள் செல்வி.

ஐரீன் சிரிக்கவில்லை. மிஷன் பள்ளிக்கூடங்கள் தங்கள் சனத்தை அடித்துத் ‘திருத்திய’ பிறகு, அப்படியான தன் மாமாவுக்கு இப்போது சொந்த ஊர்ப் பெடியன்களே போத்தல் எறிகிறார்களாம்.

“சீ! உந்தச் சீக்கு அங்கையும் தொத்தீட்டுதோ?” செல்வி ஈரத்துணியை மெஷினுக்குள் எறிந்தாள்.

அந்தக் கோடையில் அக்கா மகள் நிலாணி பெரியபிள்ளையானதற்குச் சாமத்திய வீடு. பிள்ளையின் தலையில் பாலும் அறுகம்புல்லும் வைக்கத் தாய்மாமன் வேண்டும். அக்கா யோகமலர் மூக்கால் அழுதாள்: “தம்பீ... பிள்ளையின்ரை மேக்கப்பை முடிச்சுப்போட்டு ஒரு மணித்தியாலம் வேட்டி கட்டனடா. வீடியோ லண்டன் மச்சாளுக்குப் போகுது.”

“சேலையோடை வந்து வைக்கிறன். பிள்ளையும் அதைத்தான் கேட்டவள்.”

உண்மைதான். “செல்வி மாமி வைக்காட்டி ஐ’ம் நொட் கமிங்” என்று நிலாணி அடம்பிடித்திருந்தாள். அக்கா ஓம் என்றும் சொல்லவில்லை, இல்லை என்றும் சொல்லவில்லை. “நேரத்துக்கு வா” என்றாள்.

விழா நாளில் மில்லிக்கன் மண்டபத்து அறையில் செல்வி பிள்ளைக்குக் கடைசிப் பூவையும் குத்தி முடித்துக் கதவைத் திறந்தாள். வெளியே பலசரக்குக் கடைப் பத்மநாதன், எந்த வழியிலும் சொந்தமில்லாத மனுஷன், பட்டு வேட்டி சால்வையோடு மாமனாய் நின்றார். நிலாணி செல்வியின் கையை இறுக்கிப் பிடித்தாள். அக்கா, செத்த எலியைத் தூக்குவதுபோல, இரண்டு விரலால் செல்வியின் முந்தானையைப் பிடித்து இழுத்தாள்.

“கெதியா அங்காலை போ. வீடியோக்காரர் லைற் போடப்போறாங்கள்.”

செல்வி முந்தானையை உதறி எடுத்தாள்.

“கூடப்பிறந்தது சேலை கட்டினால் உனக்கு அருவருப்பு, கடைக்காரன் வேட்டி கட்டினால் உனக்குத் தம்பி. நல்லது அக்கா. லண்டன் மச்சாள் வீடியோவைப் பாத்திட்டு ‘உவர் ஆர்?’ எண்டு கேட்டால் பொய் சொல்லாதை, ‘என்ரை வெக்கத்தை மறைக்க வாடகைக்குப் பிடிச்ச மாமன்’ எண்டு சொல்லு.”